நடிக்க வந்த மெல்லிசை மன்னர்



கீழைக் கடற்கரையிலே, கல்முனைக்கு வடக்கே, மருதமுனை என்றோர் ஊர் உண்டு. நெசவுக்குப் பெயர் போன ஊர். என் சிறு பருவத்தில் அவ்வூர்த் தெருக்களில் நடந்து சென்றால் வீட்டுக்கு வீடு கைத்தறியின் ஓசை கேட்கும். அவ்வோசைக்கு நடுவே வானொலிப் பெட்டியின் ஒலியும் கலந்து வரும். நெசவாளரின் கால் மிதியை மிதிக்கும், கை நாடாவை ஓட்டும், செவி மட்டும் இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவையிலே பதிந்திருக்கும். அறிவிப்பாளர் படத்தின் பெயரைச் சொல்வார். பாடியவர் பெயரைச் சொல்வார். முடிவில் இசையமைத்தவர் பெயரையும் சொல்வார். அந்தக் கடைசிப் பெயர் பெரும்பாலும் ‘விஸ்வநாதன் – ராமமூர்த்தி’ என்றோ, ‘எம். எஸ். விஸ்வநாதன்’ என்றோ இருக்கும். அன்றாடம் கேட்டுக் கேட்டு, அப்பெயருக்குப் பின்னால் பசித்தும் அழுதும் சிரித்தும் வாழ்ந்த ஒரு மனிதர் இருக்கிறார் என்பதை நாங்கள் எண்ணிப் பார்த்ததேயில்லை.

அந்த மனிதரைப் பற்றியே இன்று உங்களோடு பேச விரும்புகிறேன். விஸ்வநாதன் பெரிய இசையமைப்பாளர் என்பது யாவரும் அறிந்ததே. ஆனால் அவர் நடிகனாக வேண்டுமென்ற ஆசையோடு திரையுலகின் வாசலுக்கு வந்தவர் என்பதும், அந்த ஆசை ஏறத்தாழ எழுபதாம் அகவையிலேதான் நிறைவேறியது என்பதும் பலர் அறியாதவை. அந்த நெடிய இடைவெளியில் நடந்தது என்ன என்பதே நம் பேச்சின் பொருளாகும்.

தொடங்குமுன் ஒன்று சொல்லிவிடுகிறேன். இசையைப் பற்றி, குறிப்பாகத் திரையிசையைப் பற்றி, எங்கள் முஸ்லிம் ஊர்களில் ஒருமித்த கருத்து இல்லை. அதனை ஒதுக்கி வாழும் பெரியோர்களை நான் மதிக்கிறேன். அந்த வழக்கிலே தீர்ப்புக் கூற நான் வரவில்லை. ஒரு மனிதரின் முயற்சியையும் பண்பையும் அறிவதற்கு அவ்வழக்கு தடையாகாது என்பதே என் எண்ணம்.

மனையங்கத்துச் சுப்பிரமணியன் விஸ்வநாதன் 1928ஆம் ஆண்டு ஜூன் மாதம் 24ஆம் நாள், பாலக்காட்டுக்கு அருகிலுள்ள எலப்புள்ளி என்னும் சிற்றூரிலே பிறந்தார். வீட்டிலே வழங்கிய மொழி மலையாளம். நான்கு வயது நிரம்பும் வேளையில் தந்தையார் காலமானார். தாயும் பிள்ளையும் ஆதரவற்று நின்றனர். துயரம் தாங்காத தாய், தம்மையும் பிள்ளையையும் மாய்த்துக்கொள்ளத் துணிந்தார் என்றும், தக்க தருணத்தில் பாட்டனார் வந்து தடுத்தார் என்றும் கூறுவர். அந்தப் பாட்டனாரின் நிழலிலே கண்ணூரில் அவர் வளர்ந்தார்.

பள்ளிப் படிப்பில் அவருக்கு நாட்டம் செல்லவில்லை. கண்ணூரில் நீலகண்ட பாகவதர் என்னும் ஆசிரியர் இசை கற்பித்து வந்தார். சிறுவன் அவரிடம் சேர்ந்து வாய்ப்பாட்டும் ஆர்மோனியமும் பயின்றான். பதின்மூன்றாம் வயதில் மேடையேறிக் கச்சேரி செய்தான். இடையிலே திரையரங்கில் தின்பண்டம் விற்கும் வேலையும் பார்த்தான். ஒவ்வொரு நாளும் அதே படம், அதே பாட்டு. காசு கொடுத்துப் பார்ப்பவர் ஒருமுறை கேட்ட பாட்டை, விற்கப் போன சிறுவன் நூறு முறை கேட்டான். திரையிலே தோன்றிப் பாடி நடித்த நடிகர்களைப் போலத் தானும் ஆக வேண்டும் என்ற கனவு அங்கேதான் வித்தூன்றியது.

அக்காலத்து நடிகர் சொந்தக் குரலிலே பாட வேண்டும். தியாகராஜ பாகவதரும் பி. யு. சின்னப்பாவும் பாடகர்களாக இருந்தே நடிகர்களாகத் திகழ்ந்தனர். ஆகவே பாடத் தெரிந்த சிறுவன் நடிகனாக ஆசைப்பட்டதில் வியப்பில்லை. நாடகங்களிலே சிறு வேடங்கள் கிடைத்தன. ஆனால் படவுலகம் அவனை நடிகனாக ஏற்கவில்லை. உருவம் சிறிது, எடுப்பான தோற்றமில்லை. நடிக்க வந்தவனுக்குக் கிடைத்தது எடுபிடி வேலை. ஜூபிடர் நிறுவனத்திலே தேநீர் கொண்டு வருவதும், சொன்ன பணியைச் செய்வதுமாக அவனது இளமைக் காலம் கழிந்தது.

நேயர்களே, எத்தனையோ பிள்ளைகளின் வாழ்க்கைக் கதை இந்த இடத்தோடு முடிந்துவிடுகிறது. விரும்பிய வாசல் அடைபட்டதும் ஊருக்குத் திரும்பி, கிடைத்த வேலையிலே அமர்ந்து, முன்பு கண்ட கனவைப் பற்றிப் பேசக் கூசி வாழ்வார்கள். விஸ்வநாதனின் கதை முடிந்து போகாமைக்கு இருவகைக் காரணங்கள் உண்டு. அவரது திறமை ஒன்று. அத்திறமையைக் கண்டுகொண்ட மனிதர் இன்னொன்று. முன்னதைப் பற்றி உலகம் நிறையப் பேசியிருக்கிறது. பின்னதைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்லுகிறேன்.

ஜூபிடர் படங்களுக்கு எஸ். எம். சுப்பையா நாயுடு இசையமைத்து வந்தார். ‘அபிமன்யு’ என்னும் படம் 1948இல் வெளிவந்தது. அப்படத்தின் ஒரு பாட்டுக்கு நாயுடுவுக்குத் திருப்தியான மெட்டு அமையவில்லை. அவர் வெளியே சென்றிருந்த வேளையில், எடுபிடிப் பையன் ஆர்மோனியத்தின் முன் அமர்ந்து அந்தப் பாட்டின் சொற்களுக்குத் தானே ஒரு மெட்டுப் போட்டுப் பாடிக்கொண்டிருந்தான். திரும்பி வந்த நாயுடு அதனைக் கேட்டார். ‘என் பெட்டியைத் தொட உனக்கு யார் உரிமை தந்தார்?’ என்று அவர் சினந்திருக்கலாம். அவ்வாறு சினக்கவில்லை. அந்த மெட்டையே படத்துக்கு எடுத்துக்கொண்டார். ஆனால், இதனை வெளியே சொல்லாதே என்று பையனை எச்சரித்தார். எடுபிடிப் பையன் போட்ட மெட்டு என்று தெரிந்தால், கேட்குமுன்பே முதலாளிகள் வேண்டாமென்று தள்ளிவிடுவார்கள் என்பது அவர் அச்சம்.

ஒருவனது ஆக்கம் இன்னொருவர் பெயரிலே வெளிவருவது அநீதியன்றோ என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். ஆயினும் கதை அங்கே நிற்கவில்லை. ஜூபிடர் நிறுவனம் கோயம்புத்தூரிலிருந்து சென்னைக்குப் பெயர்ந்தபோது ஆட்கள் குறைக்கப்பட்டனர். அப்பொழுது நாயுடு முதலாளியான சோமசுந்தரத்திடம் சென்று, நீங்கள் பாராட்டிய மெட்டு இந்தப் பையன் போட்டது, இவனைக் கைவிட வேண்டாம் என்று உண்மையை உடைத்துச் சொன்னார் என்பர். தம் பெயருக்கு வந்த புகழைத் தாமே எடுத்து உரியவனிடம் கொடுத்தார். ஆசிரியத் தொழிலில் இருக்கும் எனக்கு, இந்தக் கதையில் விஸ்வநாதனை விடச் சுப்பையா நாயுடுவே பெரியவராகத் தோன்றும் நாட்கள் உண்டு.

சென்னையிலே விஸ்வநாதன் சி. ஆர். சுப்பராமன் என்னும் இளம் இசையமைப்பாளரிடம் ஆர்மோனியக் கலைஞராகச் சேர்ந்தார். அதே குழுவில் வயலின் வாசித்தவர் திருச்சிராப்பள்ளி டி. கே. ராமமூர்த்தி. 1952ஆம் ஆண்டு சுப்பராமன் இளம் வயதிலேயே திடீரெனக் காலமானார். அவர் கையிலே முடிவுறாத படங்கள் பல இருந்தன. ‘தேவதாஸ்’ அவற்றுள் ஒன்று. எஞ்சிய பணியை இவ்விருவரும் சேர்ந்து முடித்துக் கொடுத்தனர். வட நாட்டிலே சங்கர் – ஜெய்கிஷன் என்னும் இருவர் இணைந்து புகழ் பெற்றிருந்தனர். அதுபோல நீங்களும் இணைந்தால் என்ன என்று ஊக்கியவர் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன். அவர் இயக்கிய ‘பணம்’ அதே 1952இல் இவ்விருவர் பெயரோடு வெளிவந்தது. வயதில் ராமமூர்த்தி மூத்தவர். ஆயினும் இளையவர் பெயரே முன்னால் வைக்கப்பட்டது. மூத்தவர் பின்னின்று தாங்க வேண்டும் என்று கலைவாணர் கூறியதாகச் சொல்வர்.

மறு ஆண்டு ‘ஜெனோவா’ என்னும் படம் வந்தது. கதாநாயகர் எம். ஜி. ராமச்சந்திரன். ஜூபிடர் நிறுவனத்திலே தேநீர் கொண்டு வந்த பையனா இசையமைப்பது என்று அவர் முதலில் தயங்கினார் என்றும், பாடல்களைக் கேட்ட பின் தாமே தேடி வந்து பாராட்டினார் என்றும் ஒரு செய்தி வழங்குகிறது. பிற்காலத்தில் அவர் நடித்த ‘எங்க வீட்டுப் பிள்ளை’, ‘ஆயிரத்தில் ஒருவன்’, ‘உலகம் சுற்றும் வாலிபன்’ ஆகிய படங்களின் வெற்றியில் இந்தப் பையனின் இசைக்குப் பெரும் பங்குண்டு.

இங்கே நம் நாட்டுக்குரிய செய்தி ஒன்றையும் குறிப்பிட வேண்டும். இவ்விருவர் இணைந்த அதே 1952ஆம் ஆண்டில் இந்தியாவின் செய்தி ஒலிபரப்பு அமைச்சராகப் பொறுப்பேற்றவர் பி. வி. கேஸ்கர். திரையிசையை அவர் தாழ்வாகக் கருதியவர். அதனால் அகில இந்திய வானொலியில் திரைப்பாடலுக்கு இடம் அருகிப் போயிற்று. கொழும்பிலோ 1950இல் தொடங்கப்பட்ட வர்த்தக ஒலிபரப்பு திரைப்பாடல்களை நாள்தோறும் தாராளமாக வழங்கிக்கொண்டிருந்தது. தம் நாட்டுப் பாட்டைக் கேட்கத் தமிழகத்தவர் இலங்கை வானொலியைத் திருப்பினர். 1957இல் விவித பாரதி தொடங்கும்வரை இந்நிலை நீடித்தது. பின்னரும் பல்லாண்டுகள் தமிழகத்து இல்லங்கள் நம் ஒலிபரப்பை விடவில்லை. ஆதலால் மெல்லிசை மன்னர்களின் பாட்டைக் கடல் கடந்து வீட்டுக்கு வீடு சேர்த்ததில் நம் வானொலிக்கும் பங்குண்டு என்று நாம் பெருமையோடு சொல்லிக்கொள்ளலாம்.

இனி, அவர்கள் செய்த புதுமை யாது என்பதை விளக்குகிறேன். திரைப்படத்துக்கு இசையமைப்பது எப்படி? இயக்குநர் முதலில் கதையின் கட்டத்தைச் சொல்வார். தங்கை மணமாகிப் போகிறாள், அண்ணன் மனம் கலங்குகிறது என்பது போல ஒரு கட்டம். இசையமைப்பாளர் ஆர்மோனியத்தில் அமர்ந்து அக்கட்டத்துக்கேற்ற மெட்டுக்களை ஒன்றன்பின் ஒன்றாக வாசிப்பார். பிடித்த மெட்டுக்குக் கவிஞர் சொல்லமைப்பார். சில வேளை கவிஞர் முதலில் எழுதிவிட, இசையமைப்பாளர் சொல்லுக்கேற்ப மெட்டமைப்பார். பின்பு பல்லவிக்கு முன்னும் சரணங்களுக்கு இடையிலும் எந்த வாத்தியம் என்ன வாசிக்க வேண்டும் என்பது முடிவாகும். அதன்பின் பாடகரும் வாத்தியக்காரரும் ஒரே கூடத்தில் கூடி ஒத்திகை பார்ப்பார்கள். அக்காலத்திலே குரலையும் வாத்தியத்தையும் தனித்தனியே பதிந்து பின்னர் ஒட்டும் வசதி பெருகவில்லை. நாற்பது பேர் வாசித்து ஒருவர் பிழைத்தாலும் தொடக்கத்திலிருந்து மீண்டும் வாசிக்க வேண்டும்.

இவர்களுக்கு முந்திய தலைமுறையின் திரைப்பாடல் பெரும்பாலும் கச்சேரிப் பாட்டின் சாயல் கொண்டிருந்தது. இராக விரிவும் சங்கதிகளும் மிகுந்திருக்கும். பயிற்சி பெற்றவர் பாடலாம். மற்றவர் கேட்டு வியக்கலாம். விஸ்வநாதனும் ராமமூர்த்தியும் இராகத்தைக் கைவிடவில்லை. அதன் பாரத்தைக் குறைத்தார்கள். சொல் தெளிவாகக் கேட்க வேண்டும், கட்டத்தின் உணர்ச்சி முதல் வரியிலேயே புலப்பட வேண்டும், தோணி தள்ளுபவனும் வயலில் நாற்று நடுபவளும் திருப்பிப் பாடக் கூடியதாக இருக்க வேண்டும் என்பதே அவர்கள் நோக்கம். பியானோ, அக்கார்டியன், கிதார், பாங்கோ முதலிய மேல்நாட்டு வாத்தியங்களைத் தபேலாவோடும் குழலோடும் சேர்த்தார்கள். சீழ்க்கை ஒலியையும், சொல்லின்றி வாய் மூடி இசைக்கும் முனகலையும் பாட்டின் உறுப்பாக்கினார்கள். 1963இல் ‘மெல்லிசை மன்னர்கள்’ என்ற பட்டம் இவர்களுக்கு வழங்கப்பட்டது. அப்பட்டத்திலுள்ள ‘மெல்லிசை’ என்ற சொல் அவர்கள் செய்த வேலையின் இலக்கணத்தையே சொல்லிவிடுகிறது.

1961ஆம் ஆண்டு ஒன்றிலே மட்டும் ‘பாவ மன்னிப்பு’, ‘பாச மலர்’, ‘பாலும் பழமும்’ என்ற மூன்று படங்கள் வந்தன. மூன்றையும் இயக்கியவர் ஏ. பீம்சிங். இவற்றுள் ‘பாவ மன்னிப்பு’ எங்கள் ஊர்களில் தனியாக நினைக்கப்படுவது. பிறப்பால் இந்துவான குழந்தையை ஒரு முஸ்லிம் பெரியவர் எடுத்து வளர்க்க, அது ரஹீம் என்ற இளைஞனாகிறது. இறைவனைப் போற்றும் ஒரு பாட்டிலே டி. எம். சௌந்தரராஜனோடு நாகூர் ஈ. எம். ஹனிபாவைப் பாட வைத்தார்கள். ஹனிபாவின் குரல் எங்கள் கரையோர ஊர்களில் பெருநாட் காலைகளிலும் கலியாண வீடுகளிலும் ஒலித்த குரல். திரைப்பாட்டென்றால் வானொலியை மூடிவிடும் மூத்தம்மாக்களும் அந்தப் பாட்டு முடியும்வரை பேசாதிருப்பார்கள்.

‘கர்ணன்’ 1964இல் வந்தது. அப்படத்துக்கு இந்துஸ்தானி இராகங்களையும் வட நாட்டு வாத்தியங்களையும் கையாண்டார்கள். அதே ஆண்டு ‘காதலிக்க நேரமில்லை’ முழுதும் துள்ளல் இசை. ‘புதிய பறவை’யிலோ பெரிய வாத்தியக் குழு. ஒரே ஆண்டில், ஒரே இருவர், ஒன்றோடொன்று சற்றும் ஒவ்வாத மூன்று உலகங்களைப் படைத்தனர்.

பாட்டு என்ன செய்யும் என்பதற்குச் சான்றாக இன்னொன்று கூறுகிறேன். சென்னையிலே வாய்ப்புத் தேடி அலைந்து, மனம் சோர்ந்து, ஊருக்கே திரும்பிவிட எண்ணியிருந்தார் ஓர் இளங்கவிஞர். ‘சுமைதாங்கி’ படத்துக்காகக் கண்ணதாசன் எழுதி, இவ்விருவர் இசையமைத்து, பி. பி. ஸ்ரீனிவாஸ் பாடிய பாட்டொன்றை அவர் கேட்க நேர்ந்தது. துன்பத்தைக் கண்டு கலங்காதே என்னும் பொருளுடைய பாட்டு அது. அவர் ஊருக்குத் திரும்பவில்லை. அந்த இளைஞரே பின்னாளில் கவிஞர் வாலி என்று புகழ் பெற்றார். இதனை அவரே பலமுறை கூறியிருக்கிறார். வாசலில் மறுக்கப்பட்ட ஒருவர் அமைத்த இசை, வாசலில் காத்துச் சோர்ந்த இன்னொருவரைத் தாங்கிப் பிடித்தது.

1965இல் ‘ஆயிரத்தில் ஒருவன்’ படத்தோடு இருவரும் பிரிந்தனர். அதன்பின் விஸ்வநாதன் தனித்து நின்று தமிழிலும் மலையாளத்திலும் தெலுங்கிலும் நூற்றுக்கணக்கான படங்களுக்கு இசை தந்தார். ‘சிவந்த மண்’ படத்திலே சாட்டையடியின் ஓசையைத் தாளமாக்கினார். ‘அவள் ஒரு தொடர்கதை’யிலே பறவை, விலங்குகளின் குரலைப் பல குரல் கலைஞர் ஒருவரைக் கொண்டு எழுப்பிப் பாட்டுக்கு நடுவே சேர்த்தார். தம் குரலிலேயும் சில பாட்டுக்கள் பாடினார். சோ இயக்கிய ‘முகமது பின் துக்ளக்’ படத்தில் இறைவன் எங்கும் நிறைந்திருப்பதைப் போற்றும் பாட்டு அவர் குரலில் அமைந்ததே. அது 1971இல் வந்தது. எந்தக் குரல் நடிப்புக்கு ஆகாது என்று ஒதுக்கப்பட்டதோ, அந்தக் கரகரப்பான, உச்சத்தை எட்டிப் பிடிக்கும் குரலே அப்பாட்டின் உயிராயிற்று.

அவரது பணிகளுள் திரைக்கு அப்பாற்பட்ட ஒன்று உண்டு. மனோன்மணீயம் சுந்தரம் பிள்ளை இயற்றிய தமிழ்த்தாய் வாழ்த்தை 1970இல் தமிழக அரசு தன் விழாக்களின் தொடக்கப் பாடலாக ஏற்றபோது, அதற்கு மோகன இராகத்தில் மெட்டமைத்தவர் விஸ்வநாதனே. மலையாளம் பேசிய இல்லத்திலே பிறந்து, தமிழைக் காதால் கற்றுக்கொண்ட ஒருவரின் மெட்டிலேதான் தமிழகத்துப் பிள்ளைகள் இன்றும் எழுந்து நின்று தமிழை வாழ்த்துகிறார்கள். மொழி, பிறந்தவருக்கு மட்டும் உரிய சொத்தன்று என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுமோ?

1976இல் ‘அன்னக்கிளி’ வந்தது. இளையராஜாவின் காலம் பிறந்தது. மெல்ல மெல்ல விஸ்வநாதனைத் தேடி வரும் படங்கள் குறைந்தன. புகழின் உச்சியில் இருந்தவருக்கு இது கடினமான பருவம். மனம் கசந்து, இளையவரைப் பழித்து, பழங்கதை பேசிக் காலம் கழித்தவர்களைக் கலையுலகம் நிறையக் கண்டிருக்கிறது. இவரோ 1986இல் அதே இளையராஜாவோடு இணைந்து ‘மெல்லத் திறந்தது கதவு’ படத்துக்கு இசையமைத்தார். பிரிந்து போன ராமமூர்த்தியோடும் முப்பது ஆண்டுகளுக்குப் பின் 1995இல் ‘எங்கிருந்தோ வந்தான்’ படத்துக்காக மீண்டும் சேர்ந்தார்.

அதன் பின்னரே அந்தப் பழைய கனவு நனவாயிற்று. 1998ஆம் ஆண்டு சரண் இயக்கிய ‘காதல் மன்னன்’ படத்தில் இளைஞர்களுக்கு உணவு வழங்கும் ஒரு மெஸ்ஸை நடத்தும் பெரியவராக விஸ்வநாதன் நடித்தார். அப்படத்துக்கு இசையமைத்தவர் பரத்வாஜ் என்னும் வேறொருவர். எண்ணிப் பாருங்கள். நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் பிறர் நடிக்கத் தாம் இசையமைத்தவர், இப்பொழுது பிறர் இசையமைக்கத் தாம் நடித்தார். அவ்வாண்டே கமல்ஹாசன் நடித்த ‘காதலா காதலா’ என்னும் நகைச்சுவைப் படத்திலும் தோன்றினார். குழந்தை முகமும், வெள்ளைச் சிரிப்பும், படபடவென்ற பேச்சும் அவரை மக்கள் விரும்பும் குணசித்திர நடிகராக்கின. சிறுவனாக வந்து கேட்டபோது மறுத்த வாசல், முதியவராகி அவர் கேட்பதை நிறுத்திய பின் தானே திறந்தது.

2002ஆம் ஆண்டில் நடந்ததை இலங்கையில் வாழும் நாம் மறக்கக் கூடாது. மணிரத்னம் இயக்கிய ‘கன்னத்தில் முத்தமிட்டால்’ நம் நாட்டுப் போரைப் பின்னணியாகக் கொண்ட படம். ஏ. ஆர். ரஹ்மான் இசையில், ஊரைவிட்டு வெளியேறும் மக்கள் தாய்மண்ணிடம் விடைபெறும் பாட்டொன்று அதிலே உண்டு. அதைப் பாடிய பல குரல்களில் ஒன்று, எழுபத்து மூன்று வயதைக் கடந்த விஸ்வநாதனுடையது. அக்குரலிலே இனிமை குறைந்திருந்தது. உடைவு மிகுந்திருந்தது. வீட்டைப் பூட்டிச் சாவியை மடியில் முடிந்துகொண்டு, பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு நடந்த மக்களை இந்தக் கரையிலே நாம் எத்தனை முறை கண்டிருக்கிறோம்! அவர்கள் தமிழராகவும் இருந்தார்கள், முஸ்லிம்களாகவும் இருந்தார்கள். அப்பாட்டைக் கேட்கும்போது எந்தச் சமூகத்தவன் என்ற எண்ணம் எனக்கு வருவதில்லை. ஒரு முதியவர் அழுகிறார் என்பது மட்டுமே தெரிகிறது.

2012இல் அவருக்கும் ராமமூர்த்திக்கும் ‘திரையிசைச் சக்கரவர்த்தி’ என்ற பட்டத்தைத் தமிழக முதலமைச்சர் ஜெயலலிதா வழங்கினார். மறு ஆண்டு ராமமூர்த்தி மறைந்தார். இந்திய நடுவண் அரசின் பத்ம விருதுகளுள் ஒன்றேனும் விஸ்வநாதனுக்குக் கிடைக்கவில்லை. அதுபற்றி அன்பர்கள் வருந்தினார்கள். 2015ஆம் ஆண்டு ஜூலை மாதம் 14ஆம் நாள் சென்னையில் அவர் காலமானார். நாகூர் ஹனிபா மறைந்ததும் அதே ஆண்டிலேதான். வானொலியிலே சேர்ந்து ஒலித்த இரு பெயர்கள் ஒரே ஆண்டில் ஓய்ந்தன.

அவருடைய பண்புக்குச் சான்றாகப் பலரும் கூறும் செய்தி ஒன்றுண்டு. எடுபிடிப் பையனின் மெட்டை ஏற்று, பின் உண்மையையும் எடுத்துச் சொன்ன சுப்பையா நாயுடுவை விஸ்வநாதன் மறக்கவில்லை. முதுமையிலே நாயுடுவையும் அவர் துணைவியாரையும் தம்மோடு வைத்துப் பேணினார் என்றும், பெற்ற மகன் செய்ய வேண்டிய இறுதிக் கடன்களைத் தாமே செய்தார் என்றும் சொல்வர். சுப்பராமனிடமும் நாயுடுவிடமும் தாம் பட்ட கடனை மேடைதோறும் சொல்லி வந்தவர் அவர்.

நேயர்களே, இவ்வரலாற்றைத் தேடிப் படிக்க என்னைத் தூண்டியது ஒரு குற்ற உணர்வு என்பதைச் சொல்லியே ஆக வேண்டும். பல ஆண்டுகளுக்கு முன், நான் புதிதாக ஆசிரியப் பணி ஏற்றிருந்த காலம். தமிழ்த் தினப் போட்டிக்காக நாடகம் ஒன்றைப் பயிற்றிக்கொண்டிருந்தேன். கரைவலைத் தொழிலாளி ஒருவரின் மகன் நாள்தோறும் ஒத்திகைக்கு வந்து வாசலிலே நிற்பான். வேடம் கேட்பான். குரல் கரகரப்பு, உருவம் சிறிது. “உனக்கு இது சரி வராது, போய்ப் படி” என்று எல்லார் முன்னிலையிலும் சொல்லி அனுப்பினேன். அதே பையன் வகுப்பிலே மேசையில் தாளம் போடுவான். எந்தப் பாட்டைச் சொன்னாலும் அதன் நடை பிசகாமல் விரலால் தட்டுவான். அதற்காக அவனைப் பலமுறை தண்டித்தவனும் நானே. அவன் திறமை என் காதருகே ஒலித்துக்கொண்டிருந்தது. நான் அதனைக் குழப்படி என்று பெயரிட்டேன். அடுத்த தவணையில் அவன் பாடசாலைக்கு வரவில்லை. வாப்பாவோடு வலை இழுக்கப் போய்விட்டான் என்றார்கள்.

அவன் பெரிய கலைஞனாகியிருப்பான் என்று நான் சொல்லவில்லை. அதனை யார் அறிவார்? அவன் மெட்டுப் போட்ட அறைக்கு வெளியே நான் நின்றிருந்தேன் என்பதும், கதவைத் திறந்து கேட்கவில்லை என்பதுமே எனக்குத் தெரிந்தவை. இன்று நான் அதிபராக இருக்கும் பாடசாலையில், நாடகத்துக்குப் பிள்ளைகளைத் தெரியும் நாளில், தேறாத பிள்ளைகளை உடனே வீட்டுக்கு அனுப்புவதில்லை. அவர்களை அரை மணி நேரம் இருக்கச் சொல்லி, உனக்கு வேறு என்ன செய்ய விருப்பம் என்று கேட்கிறோம். சிலர் திரை கட்டுகிறார்கள்; சிலர் றபான் தட்டுகிறார்கள்; ஒரு பிள்ளை நாடகத்தையே திருத்தி எழுதித் தந்தாள்.

பிள்ளைகள் தாம் விரும்பியதைக் கேட்டு வருவார்கள். தம்மிடம் உள்ளது இன்னதென்று அவர்களுக்கே தெரிந்திருப்பதில்லை. விஸ்வநாதன் நடிப்பைக் கேட்டு வந்தார். அவரிடம் இருந்தது இசை. அதைக் கண்டுகொள்ள ஒரு சுப்பையா நாயுடு அந்த அறைக்குள் நுழைய நேர்ந்தது. இனி உங்கள் வானொலியில் பழைய பாட்டொன்று ஒலித்து, முடிவில் அறிவிப்பாளர் ‘இசை எம். எஸ். விஸ்வநாதன்’ என்று சொல்லும்போது, அப்பெயருக்குப் பின்னால் சொல்லப்படாத இன்னொரு பெயரையும் சற்று நினைத்துக்கொள்ளுங்கள். பின்பு உங்கள் வீட்டிலே மேசையைத் தட்டிக்கொண்டிருக்கும் பிள்ளையை ஒருமுறை திரும்பிப் பாருங்கள்.